கிளிவிடு தூது, பர்மாவிலிருந்து

போர்ப்படம் என்றால் குண்டும் டாங்கியும் கடைசி ரீலில் கொடியும்தான் என்று சொல்கிற ஆளை என்னிடம் அனுப்புங்கள். ஒரு ராத்திரி போதும். கோன் இச்சிகாவா 1956-ல் எடுத்த ‘பிருமா நோ தத்தெகோத்தோ’வைப் போட்டு உட்கார வைத்துவிடுகிறேன். ‘பர்மாவின் யாழ்’ என்று நான் சொல்லிக்கொள்வது. கறுப்பு வெள்ளை, 116 நிமிடம். தோற்றுப்போன ஒரு பட்டாளம், கையில் யாழோடு ஒரு சிப்பாய், பேசத் தெரிந்த இரண்டு கிளிகள். சாமான் இவ்வளவுதான். இதை வைத்துக்கொண்டு அந்த மனுஷன் செய்திருக்கிற வேலையை நினைத்தால், மில்லில் ஷிப்ட் முடிந்து ராஜபாளையம் பஸ் ஸ்டாண்டில் நிற்கும்போதுகூட எனக்கு மயிர் கூச்செறிகிறது. பக்கத்தில் நிற்கிறவர்கள் மலைக்காற்று என்று நினைத்துக்கொள்வார்கள்.

கதை 1945 ஜூலையில் தொடங்குகிறது. பர்மாவில் ஜப்பானியப் படை சிதறிவிட்டது. உயிர் தப்பிய கூட்டமெல்லாம் தாய்லாந்துப் பக்கம் காட்டுவழியே நடக்கிறது. அதில் ஒரு கம்பெனிக்குத் தலைவர் கேப்டன் இனோயே. இசைப் பள்ளியில் படித்துவிட்டு ராணுவத்துக்கு வந்தவர். ஆட்களுக்குத் துப்பாக்கியோடு கூட்டாகப் பாடவும் கற்றுக்கொடுத்திருக்கிறார். அவர்களில் மிசுஷிமா என்கிற சிப்பாய் பர்மிய யாழைத் தானாகவே பழகியவன். லுங்கி கட்டிக்கொண்டு பர்மாக்காரன் போல முன்னால் போய் வேவு பார்ப்பான். வழி நல்ல வழியா இல்லையா என்று யாழில்தான் சேதி வரும்.

ஒரு கிராமத்தில் பிரிட்டிஷ் படை இவர்களைச் சுற்றி வளைக்கிறது. வெடிமருந்து வண்டியோ திறந்தவெளியில் நிற்கிறது. எதிரிக்குச் சந்தேகம் வராமலிருக்க இவர்கள் ஆடிப்பாடிக்கொண்டே வண்டியை உள்ளே இழுக்கிறார்கள். மிசுஷிமா அந்த வண்டியின் மேலேயே உட்கார்ந்து வாசிக்கிறான். பிறகு பாடுவது ‘ஹன்யூ நோ யாதோ’. நம் கான்வென்ட் பிள்ளைகளுக்கும் தெரிந்த ‘ஹோம், ஸ்வீட் ஹோம்’ மெட்டுதான், வார்த்தை மட்டும் ஜப்பானிய மொழி. இருட்டுக்குள்ளிருந்து அதே மெட்டு ஆங்கிலத்தில் திரும்பி வருகிறது. சுட வந்தவர்கள் சேர்ந்து பாடுகிறார்கள். போர் ஏற்கெனவே முடிந்துவிட்டது, இவர்களுக்குத்தான் தெரியாது.

“எப்ப மாமா சண்டை வரும்?” என்று சித்தி பேரன் கேட்டது சரியாக இந்த இடத்தில்தான். “இதான்டா சண்டை” என்றேன். என்னை ஒரு மாதிரி பார்த்தான்.

ஸ்ரீவில்லிபுத்தூரில் சித்தி வீட்டு மொட்டை மாடிதான் எங்கள் தியேட்டர். ராஜபாளையத்திலிருந்து பஸ்ஸில் அரை மணி நேரத்துக்குள் வந்துவிடலாம். திரைக்குத் துணி தந்தது என் தாய்மாமா. சத்திரப்பட்டியில் தறி ஓட்டுகிறவர். சத்திரப்பட்டி என்றால் தெரியுமல்லவா, ஆஸ்பத்திரிகளுக்குப் போகிற பேண்டேஜ் துணி, காஸ் துணி எல்லாம் நெய்கிற ஊர். அவர் கொண்டுவந்ததும் அதே துணிதான். ஒற்றையாகக் கட்டினால் ஊடைக்கும் பாவுக்கும் நடுவில் வெளிச்சம் ஊடுருவிப் பாதிப் படம் பின்னாலிருக்கும் தண்ணீர்த் தொட்டியில் விழுந்தது. நாலாக மடித்துக் கட்டிய பிறகுதான் ஜப்பான்காரர்களுக்கு முகம் கிடைத்தது. சப்டைட்டில் ஆங்கிலம் என்பதால் ஓடிக்கொண்டிருக்கும்போதே நான் தமிழில் சொல்லிக்கொண்டிருப்பேன். கொஞ்ச நேரத்துக்கு மேல் நான் சொல்லத் தேவையே இல்லாமல் போனது தனிக்கதை. இரண்டாம் பாதியில் மிசுஷிமா வாயைத் திறப்பதே அபூர்வம்.

சரணடைந்தவர்களைத் தெற்கே மூடோன் முகாமுக்குக் கொண்டுபோகிறார்கள். போகும் வழியில் ஒரு மலையில் இன்னொரு ஜப்பானியக் கூட்டம் சரணடைய மாட்டோமென்று குகைக்குள் கிடக்கிறது. அவர்களிடம் பேசி இறக்கிக் கொண்டுவர மிசுஷிமாவை அனுப்புகிறார்கள். அரை மணி நேரம் கெடு. அந்தக் குகைத் தலைவனாக மிஹாஷி தத்சுயா. கொஞ்ச நேரந்தான் வருகிறார், ஆனால் மனுஷன் கண்ணிலேயே பைத்தியக்கார ரோஷத்தைக் காட்டிவிடுகிறார். (பிற்பாடு ‘டோரா! டோரா! டோரா!’வில் பேர்ல் ஹார்பர் தாக்குதலுக்குத் திட்டம் போடும் கெண்டாவாக வருகிறவர் இவரேதான். சாவதைப் பற்றிப் பேசுவதற்கென்றே பிறந்த குரல்.) கெடு முடிகிறது. பீரங்கி பேசுகிறது. மிசுஷிமா மட்டும் மிஞ்சுகிறான். காயத்தோடு கிடக்கிறவனை ஒரு புத்தத் துறவி காப்பாற்றுகிறார். நன்றிக்கடனாக இவன், அவர் குளிக்கும் நேரம் பார்த்துக் காவித்துணியைத் திருடிக்கொண்டு மூடோனை நோக்கி நடக்கிறான்!

போலித் துறவி நடக்கிற அந்த நடை இருக்கிறதே, அதற்காகவே இந்தப் படத்தைத் தலையில் வைத்துக் கொண்டாடலாம். வெறுங்கால் புண்ணாகிறது. பசியில் சுருண்டு விழுகிறான். ஊர்க்காரர்கள் துறவி என்று நம்பிச் சோறு வைத்து வணங்குகிறார்கள். அவர்கள் கும்பிடும்போது யாசுயி ஷோஜியின் முகத்தைப் பாருங்கள். வெட்கமும் பசியும் ஒரே முகத்தில். பசி ஜெயிக்கிறது. வழியெல்லாம் பிணங்கள். ஜப்பானியச் சிப்பாய்கள், புதைக்க ஆளில்லாமல், கழுகுக்கு இரையாக. முதலில் கண்ணை மூடிக்கொண்டு கடக்கிறான். அப்புறம் ஒரு இடத்தில் பிரிட்டிஷ் ஆஸ்பத்திரி நர்சுகள் பெயர் தெரியாத ஒரு ஜப்பானியச் சிப்பாயைப் பாட்டுப் பாடி அடக்கம் செய்வதைப் பார்க்கிறான். அதோடு முடிந்தது. மூடோனுக்குப் போன கால் திரும்பி வந்த வழியே நடக்கிறது, புதைக்க.

இனிமேல் நடிகர்களைப் பற்றிக் கொஞ்சம் பேசவிடுங்கள். இல்லாவிட்டால் தலை வெடித்துவிடும்.

யாசுயி ஷோஜி என்பது அந்த நடிகரின் சொந்தப் பெயரல்ல. 1955-ல் கினுயோ தனாகா இயக்கிய ஒரு படத்தில் அவர் நடித்த பாத்திரத்தின் பெயர். கேப்டனாக வரும் மிகுனி ரெண்டாரோவும் அப்படியே, 1951-ல் அறிமுகமான படத்தின் பாத்திரப் பெயரை எடுத்துக்கொண்டவர். நம்மூரில் ‘நிழல்கள்’ ரவி, ‘ஜெயம்’ ரவி என்று படத்தின் பெயரை முன்னால் ஒட்டிக்கொண்டவர்கள் உண்டு. இவர்கள் பாத்திரத்துக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டவர்கள். ஒரே படத்தின் இரண்டு முக்கிய நடிகர்களும் இப்படி அமைந்தது எனக்கு ரொம்பப் பிடித்த தற்செயல்.

முதல் பாதியில் யாசுயி சிரித்தபடியே இருக்கிறார். கொஞ்சம் குறும்பு, கொஞ்சம் வித்தைக்காரனின் கர்வம். மலைக்குப் பிறகு முகத்திலிருந்து எல்லாவற்றையும் துடைத்துவிடுகிறார். ஒரு பாலத்தில் அவருடைய கம்பெனி எதிரே வருகிறது. தலை மழித்த துறவி, தோளில் கிளி. “மிசுஷிமாவா?” என்று ஆட்கள் திரும்பித் திரும்பிப் பார்க்கிறார்கள். அவர் நிற்கவில்லை. ஒரு தசை அசையவில்லை. ஆனால் அவருக்கு எல்லாமே கேட்கிறது என்று நமக்குத் தெரிகிறது. எப்படித் தெரிகிறது என்று கேட்டால் என்னிடம் பதில் இல்லை. அதைத்தான் நடிப்பு என்கிறார்கள் போல.

மிகுனி வேறு ரகம். அப்போது அவருக்கு 33 வயது. பட்டாளத்துக்கு ஆள் பிடித்தபோது ஓடி ஒளிந்து, பிடிபட்டு, சீனப் போர்முனைக்கு அனுப்பப்பட்டவர் நிஜ வாழ்க்கையில். அந்த மனிதர்தான் ஆட்களை உயிரோடு வீட்டுக்குக் கொண்டுபோயே தீருவேன் என்கிற கேப்டனாக நிற்கிறார். அதட்டல் கிடையாது, வீரவசனம் கிடையாது. பாட்டு வாத்தியாருக்குரிய பொறுமை. அடுத்த வருஷம் இன்னொரு படத்தில் கிழவனாக நடிக்கப் பத்துப் பற்களைப் பிடுங்கிக்கொண்டவர், 1962-ல் ‘ஹராகிரி’யில் பிரபு வீட்டு மேலாளராக வந்து நம் ரத்தத்தை உறையவைத்தவர், இங்கே ஒரு கடிதத்தை வாசிப்பதை மட்டும் செய்து ஆளைக் கவிழ்க்கிறார். கப்பல் ஊர் திரும்புகிறது. மிசுஷிமா எழுதிய கடிதம். வாசிக்கிறார். அவ்வளவே.

இவர்கள் இருவரையும் தூக்கிச் சாப்பிடுகிறவர் கிதாபயாஷி தானியே. முகாமுக்குச் சாமான் விற்க வரும் பர்மியக் கிழவி. சிப்பாய்களிடம் பேசிப் பேசிக் கற்றுக்கொண்ட ஜப்பானிய மொழி, அதுவும் அச்சு அசல் ஓசாகா வட்டாரப் பேச்சு. நம் படத்தில் ஒரு பர்மியக் கிழவி வந்து “என்னய்யா, விலை கட்டாதுய்யா” என்று ஸ்ரீவில்லிபுத்தூர்ப் பேச்சில் பேரம் பேசினால் எப்படியிருக்கும்! சித்திக்கு இவளைக் கண்டதும் பிடித்துவிட்டது. “இந்தப் பொம்பள யாருப்பா, நிஜமாவே கிழவியா?” என்றாள். அப்போது கிதாபயாஷிக்கு 45 வயதுகூட நிரம்பவில்லை என்றதும் சித்தி நம்பவில்லை. இச்சிகாவா இதே கதையை 1985-ல் வண்ணத்தில் திரும்ப எடுத்தபோது முக்கிய நடிகர்களை மாற்றினாலும் கிழவிக்கு மறுபடி கிதாபயாஷியையே கூப்பிட்டார். இந்தத் தடவை நிஜமாகவே கிழவி. அதற்கு மூன்று வருஷம் கழித்து ‘மை நெய்பர் டோட்டோரோ’ கார்ட்டூனில் பாட்டிக்குக் குரல் கொடுத்தவரும் இவர்தான். சித்தி பேரனுக்கு டோட்டோரோ என்றால் உயிர். அந்த ஒரு தகவலுக்குப் பிறகு அவன் சண்டையைக் கேட்கவில்லை.

சிப்பாய்களாக வரும் ஹமாமுரா ஜுன், நிஷிமுரா கோ, நாயித்தோ தகெத்தோஷி எல்லாருக்கும் தனித்தனி முகம், தனித்தனிக் கூன். ஒட்டிய கன்னத்தோடு ஹமாமுரா ஒரு ஓரத்தில் சும்மா நின்றாலே போர் முடிந்து எத்தனை நாள் பட்டினி என்று கணக்குச் சொல்லிவிடலாம்.

சரி, கிளிக்கு வருகிறேன். துறவியின் தோளில் கிளியைப் பார்த்ததும் சித்தி, “நம்ம நாச்சியாரு கிளியில்ல இது” என்றாள். ஸ்ரீவில்லிபுத்தூர்க்காரிக்கு வேறெது தோன்றும்? அங்கே ஆண்டாளின் கைக்கிளியைத் தினமும் புதுசாக இலையில் கட்டுகிறார்கள், மாதுளம்பூவில் அலகு வைக்கிறார்கள். கும்பிடப் போகிறவர்கள் அந்தக் கிளி பிரசாதமாகக் கிடைக்காதா என்று ஏங்குவார்கள். அந்த ஊர் மாடியில் இந்தப் படத்தைப் போட்டதால்தான் எனக்கே இது பிடிபட்டது: இச்சிகாவா எடுத்திருப்பது ஒரு கிளிவிடு தூது!

யோசித்துப் பாருங்கள். துறவியின் கிளிக்கு உடன்பிறந்த கிளியைச் சிப்பாய்கள் கிழவியிடமிருந்து வாங்குகிறார்கள். “மிசுஷிமா, சேர்ந்து ஊருக்குப் போவோம்” என்று அதற்குச் சொல்லிச் சொல்லிப் பழக்குகிறார்கள். கேட்டுக் கேட்டு நமக்கே அந்த ஜப்பானிய வாக்கியம் மனப்பாடம் ஆகிவிடுகிறது. கிழவி மூலம் துறவியிடம் அனுப்புகிறார்கள். நம் சிற்றிலக்கியங்களில் தலைவி கிளியைத் தூது விடுவாள். போய் மாலை வாங்கி வா என்பதோடு பாட்டு முடிந்துவிடும். பதில் வந்ததா என்று எந்தப் புலவரும் சொன்னதில்லை. இந்தப் படத்தில் பதில் வருகிறது. மற்றக் கிளி வருகிறது. வந்து, தன்னால் திரும்ப முடியாது என்கிறது. போர்க்களத்து ஆண்கள் கூட்டம், அதட்டிப் பழகிய தொண்டைகள், ஒரு பறவையிடம் கெஞ்சிக் கேட்டு வாங்கிக்கொள்கிற பதில் இது. எங்கள் மாடியில் யாரும் இருமக்கூட இல்லை.

அந்த யாழ் வேறு என்னைப் படாத பாடு படுத்துகிறது. வில் போல வளைந்த தண்டு, படகு போன்ற பத்தர், அதில் கட்டிய நரம்புகள். பர்மாவில் அதைச் ‘சாங்’ என்கிறார்கள், இன்றைக்கும் வாசிக்கிறார்கள். சங்கப் பாணர்கள் தோளில் தூக்கிக்கொண்டு ஊர் ஊராக நடந்த யாழ் நம்மிடம் வழக்கொழிந்து போய், விபுலாநந்த அடிகள் உட்கார்ந்து கணக்குப் போட்டு 1947-ல் ‘யாழ் நூல்’ எழுதவேண்டி வந்தது. அதன் உறவுக்காரக் கருவி வங்கக் கடலுக்கு அந்தப் பக்கம் உயிரோடு இருக்கிறது. அரசன் படையோடு பாணனும் பாசறைக்குப் போவான் என்று படித்திருக்கிறோமே, அந்தப் பாணனைக் கண்ணால் பார்க்க வேண்டுமானால் மிசுஷிமா வண்டிமேல் உட்கார்ந்து வாசிக்கிற காட்சியைப் பாருங்கள்.

இந்த இடத்தில் ஒன்றைச் சொல்லாமல் போனால் நான் வெறும் ரசிகன். தேரவாதத் துறவிகளுக்கு இசைக்கருவி வாசிப்பது விலக்கு. துறவிக்கோலத்தில் யாழ் மீட்டுகிற ஆளை எந்த பர்மியரும் ஏற்றுக்கொள்ள மாட்டார். மூலநாவலை எழுதிய தகெயாமா மிச்சியோ பர்மாவைப் பார்க்காமலேயே, சிறுவர் பத்திரிகைக்காக எழுதியது அது. அந்தத் தவறு படத்துக்கும் வந்துவிட்டது. அதையாவது மன்னித்துவிடலாம்.

மூடோனை மன்னிக்க எனக்குக் கொஞ்சம் நேரம் பிடித்தது. வரைபடத்தை எடுத்துப் பாருங்கள். மௌல்மீனிலிருந்து தெற்கே போகிற சாலையில் மூடோன். அதே சாலையில் இன்னும் தெற்கே போனால் தன்பியூசயாத். சயாம் மரண ரயிலின் பர்மா முனை. 1942, 1943-ல் ஜப்பானிய ராணுவம் 415 கிலோமீட்டர் தண்டவாளம் போட மலாயாத் தோட்டங்களிலிருந்து பிடித்துப்போன தமிழர்கள் காலராவிலும் பட்டினியிலும் கொத்துக் கொத்தாகச் செத்த பாதை அது. போர்க்கைதிகளாக இறந்த வெள்ளைக்காரர்களில் 3,000-க்கும் மேற்பட்டவர்களுக்குத் தன்பியூசயாத்தில் வரிசை வரிசையாகக் கல்லறை இருக்கிறது. நம் ஆட்களுக்கு அங்கே அப்படி ஒன்றும் இல்லை. படத்தில் அவர்களைப் பற்றி ஒரு சொல் இல்லை. ஜப்பானியப் படை பர்மாவில் என்ன செய்தது என்பதற்கும் ஒரு காட்சி இல்லை. தன் பக்கத்துப் பிணங்களை மட்டும் அழுதுகொண்டே புதைக்கிற படம் என்று யாராவது கோபப்பட்டால் நான் மறுத்துப் பேசமாட்டேன்.

ஆனாலும் அந்தக் காட்சி வரும்போது என் மனசு என்ன செய்கிறது தெரியுமா? மிசுஷிமா ஆற்றங்கரையில் வெறுங்கையால் தோண்டுகிறான். யாரென்றே தெரியாதவனுக்குக் குழி. என் கண் மூடோனிலிருந்து தன்பியூசயாத்துக்குப் போய்விடுகிறது. வீரனுக்குப் பெயரும் பீடும் எழுதி நடுகல் நட்ட கூட்டம் நாம். பெயரே தெரியாத கூலிக்காரனுக்கு அன்றைக்கு யார் நட்டார்கள்? மிசுஷிமா போல ஒருவன் அந்தத் தண்டவாளம் நெடுக நடந்திருக்கக் கூடாதா என்று அடித்துக்கொள்கிறது. இச்சிகாவா இதை உத்தேசிக்கவில்லை. உத்தேசிக்காததையும் பார்க்கிறவனிடமிருந்து பிடுங்கிக்கொள்கிற படம் எப்படிப்பட்ட படம்!

சாம்பல் பெட்டியை வெள்ளைத்துணியில் கட்டிக் கழுத்திலிருந்து தொங்கவிட்டு அவன் நடந்து வருகிற காட்சியில், அதுவரை வாயே திறக்காத மாமா மெல்லச் சொன்னார்: “மருமகனே, பச்சப்புள்ளயத் தூளியில போட்டுத் தூக்கிட்டு வர்ற மாதிரியில்ல இருக்கு.” ஆயுசு முழுக்க வெள்ளைத்துணி நெய்தவர். இறந்தவர்களை அப்படிச் சுமப்பது ஜப்பானிய வழக்கம் என்று நான் விளக்கப் போனேன், அவர் கையமர்த்திவிட்டார். பர்மியத் துறவி ஏன் ஜப்பானிய முறையில் பெட்டி சுமக்கிறார் என்று கேப்டனுக்குப் பொறி தட்டுவதும் அங்கேதான்.

இன்னும் எவ்வளவோ. திரைக்கதை இச்சிகாவாவின் மனைவி வாதா நத்தோ. சிறுவர் கதையைப் பெரியவர்களின் துக்கமாக மாற்றியதில் பாதிப் புகழ் அந்த அம்மாவுக்குச் சேர வேண்டும். இசை இஃபுகுபே அகிரா. இரண்டு வருஷம் முன்பு ‘காட்ஸில்லா’வுக்கு ராட்சசக் காலடி போட்ட அதே ஆள், இதில் பட்டாளத்தை அப்படிப் பாடவைத்திருக்கிறார். பர்மாவில் மண் சிவப்பு, பாறையும் சிவப்பு என்று எழுத்துப் போட்டுத்தான் படம் தொடங்குகிறது. பார்ப்பதோ கறுப்பு வெள்ளை! வண்ணத்தில் எடுக்கத்தான் இச்சிகாவாவுக்கு ஆசையாம். அன்றைய கனமான வண்ணக் கேமராவைப் பர்மாவுக்குத் தூக்கிக்கொண்டுபோக முடியாமல் விட்டுவிட்டார். என்னைக் கேட்டால் நல்லதாய்ப் போயிற்று. 1985 வண்ணப் படத்தில் மண் சிவப்பாகவே இருக்கிறது, ஆனால் 1956-ல் நானாக நினைத்துக்கொண்ட சிவப்பு அதில் இல்லை. வெனிஸ் விழாவில் விருது வாங்கி, வெளிநாட்டுப் படத்துக்கான ஆஸ்கர் போட்டியிலும் நின்று, பெலினியின் ‘லா ஸ்ட்ராடா’விடம் தோற்றது. யாரிடம் தோற்றாலும் பெலினியிடம் தோற்கலாம்.

தயவுசெய்து போனில் பார்க்காதீர்கள். கூட்டமாகப் பாடுகிற இடங்களுக்கு ஒரு நல்ல ஸ்பீக்கர் வேண்டும், பக்கத்தில் நாலு பேரும் வேண்டும். மார்கழியில் விடியுமுன் தெருவில் பாடிக்கொண்டு போகிற கோஷ்டியைத் தனியாகக் காதில் மாட்டிக் கேட்டால் என்ன இருக்கும்?

அடுத்து இதே இச்சிகாவா 1959-ல் எடுத்த ‘நோபி’யைப் போடலாமென்று இருக்கிறேன். பிலிப்பைன்ஸின் லெய்ட்டே தீவில் பட்டினியில் சிதறிய ஜப்பானியப் படை, ஒருவரையொருவர் தின்னும் அளவுக்குப் போகிற கதை. மாமா துணியைத் துவைத்து வைத்துவிட்டார். சித்தியிடம் கதையை இன்னும் சொல்லவில்லை. அன்றைக்குப் படத்துக்கு முன்பே எல்லாரும் சாப்பிட்டுவிட வேண்டும், இடைவேளைக்குப் பால்கோவா வேண்டாம் என்று மட்டும் சொல்லி வைத்திருக்கிறேன்.